ஸ்டிக்கை எந்தப் போர்ட்டில் செருகுவது? தொலைக்காட்சியின் பின்புறத்தைப் படித்தறிய ஒரு முழுமையான வழிகாட்டி

ஆடி அமாவாசையன்று மட்டக்களப்பு மாமாங்கேஸ்வரர் ஆலயத்துக்கு நேரில் போய்த் தீர்த்தமாட முடியாத ஒரு தாய்க்கு, வீட்டிலிருந்தபடியே பெரிய திரையில் தீர்த்தத்தைப் பார்க்கட்டும் என்று, கட்டாரில் வேலை செய்யும் மகன், தொலைக்காட்சியில் செருகி யூடியூப் போன்ற இணையப் படங்களைப் பார்க்க உதவும் சிறு கருவியான ஸ்டிக் ஒன்றை வாங்கி அனுப்பியிருந்தார். ஆரையம்பதியிலுள்ள அந்த வீட்டுக்கு நான் போனபோது ஸ்டிக் ஏற்கெனவே தொலைக்காட்சியில் செருகப்பட்டிருந்தது. சின்னம் தோன்றும், பட்டியலும் தோன்றும், ஆனால் யூடியூபைத் திறந்த சில விநாடிகளில் திரை இருண்டு, மீண்டும் அதே சின்னத்தில் வந்து நிற்கும். “ஸ்டிக் பழுதாம் மனே, கடையில காட்டிப் பார்த்தாச்சு” என்றார் அந்த அம்மா. ஸ்டிக்கில் ஒரு குறையும் இருக்கவில்லை. அதற்கு மின்சாரம் தரும் வயர் தொலைக்காட்சியின் யூ.எஸ்.பி. போர்ட்டில் குத்தப்பட்டிருந்தது, அந்தப் போர்ட்டின் ஓரத்தில் 5 வோல்ட், 0.5 அம்பியர் என்று எழுதியிருந்தது. ஸ்டிக்கின் அடாப்டரிலோ 5 வோல்ட், 1 அம்பியர் என்று இருந்தது. அடாப்டரைப் பெட்டியிலிருந்து எடுத்துச் சுவர் பிளக்கில் போட்டதும் எல்லாம் சரியாகிவிட்டது.

வீடு வீடாகப் போய்த் தொலைக்காட்சி பூட்டிக் கொடுக்கும் வேலையில் இதையே திரும்பத் திரும்பக் காண்கிறேன். பழுதென்று அலுமாரிக்குள் போடப்பட்ட கருவி பல தடவைகளில் பிழையான போர்ட்டில் இருந்திருக்கிறது, அல்லது சரியான போர்ட்டில் இருந்தும் போதிய மின்சாரம் கிடைக்காமல் இருந்திருக்கிறது. படத்தையும் ஒலியையும் ஒரே வயரில் எடுக்கும், ஒரே வடிவத்தில் வரிசையாக இருக்கும் எச்.டி.எம்.ஐ. போர்ட்டுகள் மூன்றும் ஒரே வேலையைச் செய்பவை என்று எண்ணுவதுதான் இந்தச் சிக்கல்களின் வேர். அவற்றின் அருகே பொறிக்கப்பட்டிருக்கும் சிறு எழுத்துகளை வாசிக்கப் பழகினால், யாரையும் கூப்பிடாமலே இந்த வேலையை நீங்களே செய்து முடிக்கலாம்.

முதற்படி: பின்புறத்தைப் படம் பிடியுங்கள்

சுவரில் மாட்டிய தொலைக்காட்சியின் பின்னால் தலையை நுழைத்துப் பார்ப்பது கடினம். கைப்பேசியின் விளக்கை எரியவிட்டு, போர்ட்டுகள் இருக்கும் பக்கத்தை இரண்டு மூன்று கோணங்களில் படம் எடுத்து, பின்னர் அமர்ந்திருந்து பெரிதாக்கிப் பாருங்கள். பெரும்பாலான தொலைக்காட்சிகளில் ஒரு பகுதிப் போர்ட்டுகள் பக்கவாட்டிலும் மறுபகுதி கீழ்நோக்கியோ நேர் பின்னாகவோ இருக்கும். இரண்டு பக்கங்களையும் எடுக்க மறக்க வேண்டாம்.

தட்டையாக, கீழ் விளிம்பின் இரு மூலைகளும் உள்ளே ஒடுங்கியதாக, ஏறத்தாழ ஒன்றரைச் சென்ரிமீற்றர் அகலத்தில் இருப்பது எச்.டி.எம்.ஐ. போர்ட். இன்று கடையில் கிடைக்கும் ஸ்டிக்குகளும் ஆன்ட்ரொய்ட் பெட்டிகளும் இதையே தேடுகின்றன. மஞ்சள், வெள்ளை, சிவப்பு என்று மூன்று வட்டத் துளைகள் இருந்தால் அது ஏ.வி. போர்ட். நீல நிறத்தில் பதினைந்து ஊசித் துளைகள் கொண்டது வி.ஜி.ஏ., அது படத்தை மட்டும் கொண்டுசெல்லும், ஒலியைக் கொண்டுசெல்லாது. திருகு மரை உள்ள வட்டத் துளை அன்டெனா அல்லது டிஷ் வயருக்கானது, அதற்கும் ஸ்டிக்குக்கும் தொடர்பில்லை. லேன் போர்ட் தொலைக்காட்சியின் சொந்த இணைய வசதிக்காக இருப்பது, ஸ்டிக் அதன்மூலம் இணையத்தைப் பெறாது.

இப்போது எச்.டி.எம்.ஐ. போர்ட் ஒவ்வொன்றின் அருகிலும் என்ன எழுதியிருக்கிறது என்று ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். வெறும் இலக்கம் மட்டும் இருக்கலாம். இலக்கத்துடன் ஏ.ஆர்.சி., ஈ.ஏ.ஆர்.சி., டி.வி.ஐ., எஸ்.டி.பி., எம்.எச்.எல்., 4கே 60 ஹேர்ட்ஸ், எச்.டி.சி.பி. 2.2 ஆகியவற்றில் ஏதாவது சேர்ந்திருக்கலாம். அடுத்து வரும் படிகள் சில அந்தச் சேர்ந்திருக்கும் எழுத்துகளைப் பற்றியவையே.

இரண்டாம் படி: திரையின் அளவுக்கு எது தேவை என்று முடிவு செய்யுங்கள்

நமது பக்கத்து வீடுகளில் நிறையக் காணப்படும் 32 அங்குலத் தொலைக்காட்சிகளில் பல, 1366க்கு 768 என்ற புள்ளிக் கணக்கைக் கொண்ட எச்.டி. ரெடி வகையைச் சேர்ந்தவை. உங்கள் தொலைக்காட்சி அப்படிப்பட்டதானால், எந்த எச்.டி.எம்.ஐ. போர்ட்டில் போட்டாலும் படத்தின் தரத்தில் வேறுபாடு வராது, 3840க்கு 2160 புள்ளிகள் தரும் 4கே ஸ்டிக் வாங்குவதும் அந்தத் திரைக்குப் பயன் தராது. 1920க்கு 1080 வகைக்கும் ஏறக்குறைய இதே விடைதான். அப்படிப்பட்டவர்கள் அடுத்த படியை விட்டுவிட்டு நேராக ஒலி பற்றிய படிக்குப் போகலாம்.

4கே தொலைக்காட்சி வைத்திருப்பவர்கள் மட்டும் நின்று கவனிக்க வேண்டும். எச்.டி.எம்.ஐ. என்ற ஒரே பெயரின் கீழ் பல தலைமுறைகள் இருக்கின்றன. 2009இல் வந்த 1.4 விநாடிக்கு 10.2 ஜிகாபிட் வரை கொண்டுசெல்லும், 4கே படத்தை விநாடிக்கு 30 சட்டங்கள் (ஃபிரேம்கள்) வரையே தரும். 2013இல் வந்த 2.0 அதை 18 ஜிகாபிட்டாக உயர்த்தி, 4கே படத்தை 60 சட்டங்களில் கொடுத்தது. 2017இல் வந்த 2.1 அதிகபட்சம் 48 ஜிகாபிட் வரை போகும். படம் பார்க்கும் ஸ்டிக்குக்கு 2.0 தாராளமாகப் போதும். 4கே 120 என்று எழுதப்பட்ட போர்ட் உங்கள் தொலைக்காட்சியில் ஒன்றோ இரண்டோ இருந்தால், வீட்டுப் பிள்ளைகளின் விளையாட்டுக் கருவிக்காக அதை விட்டுவையுங்கள். “பெரிய இலக்கமுள்ள போர்ட்டில் போட்டால் படம் இன்னும் தெளிவாக வரும்” என்று சொல்லி ஸ்டிக்கை அங்கே போட்டு வைத்திருப்பதை நான் பல வீடுகளில் பார்த்திருக்கிறேன், அதனால் ஒரு நன்மையும் இல்லை.

மூன்றாம் படி: பூட்டுத் திறக்கும் போர்ட்டைக் கண்டறியுங்கள்

4கே தொலைக்காட்சிகளில் படத்தைத் தீர்மானிப்பது வேகம் மட்டுமன்று. கட்டணச் சேவைகளின் படங்கள் களவாகப் பதிவு செய்யப்படாதிருக்க எச்.டி.சி.பி. என்ற பூட்டு முறை இருக்கிறது. ஸ்டிக் படத்தைப் பூட்டி அனுப்பும், தொலைக்காட்சியின் போர்ட் தன்னிடமுள்ள திறவுகோலால் அதைத் திறந்து காட்டும். 4கே படங்களுக்கு இந்தப் பூட்டின் 2.2 பதிப்பு வேண்டும். முதன்முதலாக வெளிவந்த காலத்து 4கே தொலைக்காட்சிகள் சிலவற்றில் எல்லாப் போர்ட்டுகளுக்கும் இந்தத் திறவுகோல் கொடுக்கப்படவில்லை. மூன்றில் ஒன்றுக்கு மட்டும் இருக்கும், மற்ற இரண்டிலும் இருக்காது. வளைகுடாவிலிருந்து திரும்பும்போது கொண்டுவந்த பழைய பெரிய திரைகளையும், கைமாறி வாங்கிய திரைகளையும் வைத்திருப்போர் இதை முக்கியமாகச் சோதிக்க வேண்டும்.

அடையாளம் காண்பது எளிது. பட்டியல் முழுவதும் ஒழுங்காகத் தெரிந்து, ஒரு குறிப்பிட்ட படத்தை ஓட விட்டவுடன் மட்டும் திரை கறுத்தாலோ, பாதுகாப்பு முறை பற்றிய ஓர் அறிவித்தல் வந்தாலோ, பூட்டுத்தான் திறபடவில்லை. ஸ்டிக்கை அடுத்த போர்ட்டுக்கு மாற்றிப் பாருங்கள். 4கே சேவை கிடைக்காமல் சாதாரண எச்.டி. தரத்தில் மட்டும் ஓடுவதும் இதன் மென்மையான வடிவமாகவே இருக்கக்கூடும்.

சரியான போர்ட்டில் போட்ட பின்னும் 4கே வராவிட்டால், தொலைக்காட்சியின் அமைப்புப் பட்டியலுக்குள் ஒரு கதவு மூடியிருக்கக்கூடும். பழைய கருவிகள் குழம்பாதிருக்க, பல நிறுவனங்கள் ஒவ்வொரு போர்ட்டையும் குறைந்த வேகத்தில் வைத்தே விற்கின்றன, அதைத் திறந்துவிடும் பொத்தானுக்கு ஒவ்வொருவரும் ஒவ்வொரு பெயர் வைத்திருக்கிறார்கள். சம்சுங்கில் அது இன்புட் சிக்னல் பிளஸ், எல்.ஜி.யில் எச்.டி.எம்.ஐ. டீப் கலர் அல்லது அல்ட்ரா எச்.டி. டீப் கலர், சோனியில் எச்.டி.எம்.ஐ. சிக்னல் ஃபோமற் என்பதன் கீழுள்ள என்ஹான்ஸ்ட் ஃபோமற். இந்தப் பொத்தான் போர்ட் ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே இருப்பதால், ஸ்டிக் இருக்கும் இலக்கத்துக்கு மட்டும் அதைத் திறவுங்கள். பழைய டிஷ் பெட்டி இருக்கும் இலக்கத்திலும் திறந்துவிட்டால் அந்தப் பெட்டியின் படம் நின்றுபோகவும் இடமுண்டு.

இவ்விடத்தில் இணைய வேகத்தையும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். நெட்ஃபிளிக்ஸ் 1080 தரத்துக்கு விநாடிக்கு 5 மெகாபிட்டும், 4கே தரத்துக்கு 15 மெகாபிட்டும் வேண்டும் என்கிறது. 4கே தரத்தில் ஒரு மணித்தியாலம் பார்த்தால் 7 ஜிகாபைட் வரை செலவாகும் என்பதும் அதே நிறுவனத்தின் கணக்கு. ஃபைபர் இணைப்பு வராத, சிம் போட்ட 4ஜி ரௌட்டரை நம்பியிருக்கும் வெல்லாவெளி, பொத்துவில் பக்கத்து வீடுகளில், ஒரே ஒரு 4கே படம் டேட்டா பெக்கேஜை எந்த அளவுக்குக் கரைக்கும் என்பதை எண்ணிப் பார்த்த பிறகே இந்தப் படிக்காகப் பாடுபடுங்கள்.

நான்காம் படி: ஏ.ஆர்.சி. போர்ட்டை ஒலிக்காக ஒதுக்குங்கள்

ஏ.ஆர்.சி. என்றோ, அதன் மேம்பட்ட வடிவமான ஈ.ஏ.ஆர்.சி. என்றோ எழுதப்பட்ட போர்ட்டில் ஸ்டிக்கைச் செருகினால் அது வேலை செய்யும். படம் வரும், ஒலியும் வரும். ஆகவே சவுண்ட்பார் என்ற நீள ஒலிபெருக்கியோ ஹோம் தியேட்டரோ இல்லாத வீட்டில் அந்தப் போர்ட்டைத் தாராளமாகப் பயன்படுத்தலாம். ஆனால் மற்றப் போர்ட்டுகள் ஒலியை உள்ளே எடுக்க மட்டுமே தெரிந்தவை, ஏ.ஆர்.சி. போர்ட் ஒன்றுதான் தொலைக்காட்சியின் ஒலியை அதே வயரின் வழியே சவுண்ட்பாருக்குத் திருப்பி அனுப்பத் தெரிந்தது. பொதுவாக ஒரு தொலைக்காட்சியில் அப்படி ஒரு போர்ட்டுக்கு மேல் இருப்பதில்லை. ஸ்டிக் அங்கே குடியிருந்தால் சவுண்ட்பாருக்கு அந்த வழி இல்லாமற் போய்விடும்.

அக்கரைப்பற்றில் ஒரு வீட்டில் புதிதாக வாங்கிய சவுண்ட்பாரில் ஒலியே வரவில்லை என்று அழைத்தார்கள். இருந்த இரண்டு எச்.டி.எம்.ஐ. போர்ட்டுகளில் முதலாவதுதான் ஏ.ஆர்.சி. அங்கே ஸ்டிக், இரண்டாவதில் சவுண்ட்பார். இரண்டையும் இடம் மாற்றி, தொலைக்காட்சியின் ஒலி வெளியீட்டை எச்.டி.எம்.ஐ. ஏ.ஆர்.சி. என்று வைத்து, கருவிகள் ஒன்றையொன்று இயக்க இடம் தரும் சி.இ.சி. வசதியையும் திறந்துவிட்டதும் ஒலி வந்தது. இந்தச் சி.இ.சி. வசதிக்குச் சம்சுங் எனிநெற் பிளஸ் என்றும், எல்.ஜி. சிம்பிளிங்க் என்றும், சோனி பிராவியா சிங்க் என்றும் பெயர் வைத்திருக்கின்றன. அது மூடியிருந்தால் பல தொலைக்காட்சிகளில் ஏ.ஆர்.சி. இயங்காது. ஸ்டிக்கின் ரிமோட்டை அழுத்தியதும் தொலைக்காட்சி தானாக எழுவதும், தொலைக்காட்சி ரிமோட்டாலேயே ஸ்டிக்கின் பட்டியலில் நகர்வதும் இதன் உபயம்தான், ஆகையால் வயதானவர்கள் இருக்கும் வீட்டில் இதைத் திறந்துவைப்பது பெரிய உதவி.

டி.வி.ஐ. என்று குறிக்கப்பட்ட எச்.டி.எம்.ஐ. போர்ட் சில பழைய தொலைக்காட்சிகளில் உண்டு. கணினியிலிருந்து ஒலி தனி வயரில் வரும் என்று எதிர்பார்த்து அமைக்கப்பட்டது அது. ஸ்டிக்கை அங்கே போட்டால் படம் வந்தாலும் ஒலி வராமல் போகலாம், குறிப்பாக அந்த உள்ளீட்டுக்குக் கணினி என்றோ டி.வி.ஐ. என்றோ பெயர் வைத்திருந்தால். வேறு போர்ட் இருக்கும்வரை அதைத் தொட வேண்டாம். எஸ்.டி.பி. என்பது டிஷ் பெட்டிக்கு என்று நிறுவனம் பரிந்துரைக்கும் அடையாளம் மட்டுமே, அங்கே ஸ்டிக்கும் வேலை செய்யும். எம்.எச்.எல். பழைய கைப்பேசிகளுக்காக வந்தது, சாதாரண எச்.டி.எம்.ஐ. ஆகவும் அது இயங்கும்.

ஐந்தாம் படி: இரண்டே போர்ட், மூன்று கருவி என்றால்

டிஷ் பெட்டி ஒன்று, சவுண்ட்பார் ஒன்று, இப்போது ஸ்டிக் ஒன்று. போர்ட்டுகளோ இரண்டு. நமது பகுதியில் இந்த நெருக்கடி வராத வீடு குறைவு. புதிதாக எதையும் வாங்குவதற்கு முன் இருப்பதை வைத்துச் சமாளிக்கப் பாருங்கள். உங்கள் டிஷ் பெட்டி எச்.டி. அலைவரிசைகளைத் தராத சாதாரணப் பெட்டியானால், அதை மஞ்சள், வெள்ளை, சிவப்பு வயரில் ஏ.வி. போர்ட்டுக்கு மாற்றுங்கள். அதன் படத்துக்கு எச்.டி.எம்.ஐ. தரும் நன்மை மிகச் சிறிது, ஸ்டிக்குக்கோ வேறு வழியே இல்லை. அல்லது சவுண்ட்பாரில் ஒலியை ஒளியாக எடுக்கும் ஒப்டிகல் துளை இருந்தால், தொலைக்காட்சியின் ஒப்டிகல் வெளியீட்டிலிருந்து ஒலியை எடுத்து, ஏ.ஆர்.சி. போர்ட்டை ஸ்டிக்குக்கு விட்டுக்கொடுக்கலாம்.

இரண்டும் முடியாத நிலையில் எச்.டி.எம்.ஐ. சுவிட்ச் ஒன்று வாங்கலாம். கடையில் கேட்கும்போது சொல்லில் கவனம் வேண்டும். பல கருவிகளை ஒரு தொலைக்காட்சிக்கு மாற்றி மாற்றித் தருவது சுவிட்ச், ஒரு கருவியைப் பல தொலைக்காட்சிகளுக்குப் பிரித்துத் தருவது ஸ்பிளிட்டர். இரண்டும் ஒரே மாதிரிச் சிறு பெட்டிகளாக இருப்பதால் மாறிக் கொடுத்துவிடுகிறார்கள். 4கே தேவைப்படுவோர் 18 ஜிகாபிட், எச்.டி.சி.பி. 2.2 என்ற இரண்டும் அட்டைப்பெட்டியில் இருக்கின்றனவா என்று வாசித்துவிட்டே காசு கொடுங்கள்.

ஆறாம் படி: மின்சாரத்தைப் போர்ட்டிடம் கேட்காதீர்கள்

எச்.டி.எம்.ஐ. போர்ட்டிலும் 5 வோல்ட் உண்டு. ஆனால் நியமப்படி அது குறைந்தது 55 மில்லி அம்பியர் தந்தால் போதும், அந்த அளவு ஒரு ஸ்டிக்கை எழுப்பவே காணாது. அதனால்தான் ஸ்டிக்குக்கு இரண்டாவது வயர் ஒன்று இருக்கிறது. தொலைக்காட்சியின் சாதாரண யூ.எஸ்.பி. 2.0 போர்ட் 0.5 அம்பியர் அளவிலும், யூ.எஸ்.பி. 3.0 போர்ட் 0.9 அம்பியர் அளவிலும் தரும்படி அமைக்கப்பட்டவை. பல ஸ்டிக்குகள் 1 அம்பியர் கேட்கின்றன, கூகுள் டிவியுடன் வந்த குரோம்காஸ்ற் 1.5 அம்பியர், அதாவது 7.5 வாட் கேட்கும். பட்டியலில் நகரும்போது இவை குறைவாகவே எடுக்கும், படம் ஓடத் தொடங்கி வைஃபையும் முழு வேகத்தில் இயங்கும்போது கூடுதலாக எடுக்கும். ஆரையம்பதி அம்மாவின் ஸ்டிக் யூடியூபைத் திறந்ததும் மட்டும் விழுந்தெழும்பியதற்குக் காரணம் இதுதான்.

யூ.எஸ்.பி. போர்ட்டில் குத்தி அது ஓடினாலும் கூட நான் அதை ஏற்பதில்லை. பல தொலைக்காட்சிகளை அணைத்தவுடன் யூ.எஸ்.பி. மின்சாரமும் அறுந்துவிடும். மீண்டும் போடும்போது ஸ்டிக் ஆரம்பத்திலிருந்து எழ வேண்டும், இரவில் தானாகச் செய்துகொள்ளும் புதுப்பித்தலும் நடைபெறாது, புதுப்பிக்கும் நடுவில் அணைத்தால் மென்பொருள் குழம்பவும் கூடும். பெட்டியோடு வந்த அடாப்டரையே பயன்படுத்துங்கள். அது தொலைந்துபோனால் 5 வோல்ட்டும், ஸ்டிக் கேட்கும் அம்பியருக்குக் குறையாத அளவும் கொண்ட தரமான ஒன்று போதும். அம்பியர் கூடினால் கேடில்லை, ஸ்டிக் தனக்கு வேண்டியதை மட்டுமே எடுக்கும். மெல்லிய, நீண்ட யூ.எஸ்.பி. வயரும் மின்னழுத்தத்தை வழியிலேயே குறைத்துவிடும் என்பதால், வயர் கட்டையாக இருப்பதே நல்லது.

ஏழாம் படி: செருகும் வேளையில்

செருகுவதற்கு முன் தொலைக்காட்சி, டிஷ் பெட்டி, ஹோம் தியேட்டர் அனைத்தையும் சுவர் பிளக்கிலேயே அணைத்துவிடுங்கள். ரிமோட்டால் அணைப்பது போதாது. மண்கம்பி இல்லாத இரு ஊசிப் பிளக்குகளில் இயங்கும் கருவிகளின் உலோகப் பகுதியை விரலின் பின்பக்கத்தால் தடவினால் சில வேளை ஒரு மெல்லிய சுரசுரப்பை உணரலாம், அது கசிவு மின்சாரம். இரண்டு கருவிகளும் இயங்கிக்கொண்டிருக்கும்போது எச்.டி.எம்.ஐ. வயரைச் செருகினால், அந்தக் கசிவு ஊசிகளினூடாகப் பாய்ந்து போர்ட்டின் சில்லைச் சுட்டுவிடும் ஆபத்து உண்டு. இப்படிப் போர்ட் கருகிய தொலைக்காட்சி மற்ற எல்லா வகையிலும் நன்றாகவே இருக்கும், அந்த ஓர் இலக்கம் மட்டும் சிக்னல் இல்லை என்று சொல்லிக்கொண்டேயிருக்கும்.

கடலோரத்தில் வசிப்போருக்கு இன்னொரு சோதனை உண்டு. கல்லடி, காத்தான்குடி, கல்முனை, நிந்தவூர், திருக்கோவில் எனக் கடலை ஒட்டிய வீடுகளில் உப்புக்காற்று திறந்த போர்ட்டுகளைத்தான் முதலில் பிடிக்கிறது. விளக்கடித்துப் பாருங்கள். உள்ளே வெள்ளி நிறமாகப் பளபளக்க வேண்டிய தகடு பழுப்பாகவோ, ஊசிகளின் ஓரம் பச்சையாகவோ இருந்தால் அந்தப் போர்ட்டைத் தவிர்த்து மற்றதைத் தேர்ந்தெடுங்கள். வேறு வழியில்லையென்றால், மின்சாரத்தைக் கழற்றிவிட்டு, ஐசோபுரோபைல் அற்ககோலில் நனைத்த மென்மையான சிறு தூரிகையால் மெதுவாகத் துடைத்து, முழுதாக உலர்ந்த பின் பயன்படுத்தலாம். தேங்காயெண்ணெய், கிறீஸ் எதையும் உள்ளே விட வேண்டாம். பயன்படாமல் கிடக்கும் போர்ட்டுகளுக்கு ரப்பர் மூடி போட்டுவிட்டால் உப்பும் எறும்பும் இரண்டுமே உள்ளே போகா.

ஸ்டிக்கை நேரடியாகச் செருகுவதை விட, அதனோடு வரும் கட்டையான நீட்டிப்பு வயரில் மாட்டித் தொங்கவிடுவது எனக்குப் பிடித்த முறை. ஸ்டிக்கின் பருத்த உடம்பு பக்கத்துப் போர்ட்டை மறைக்காது, அதன் பாரம் போர்ட்டின் ஈயப் பற்றுகளை இழுக்காது, வெப்பமும் சற்று விலகிப் போகும். அதைவிட முக்கியமாக, தொலைக்காட்சியின் உலோகத் தகட்டுக்கும் சுவருக்கும் நடுவே நசுங்கிக் கிடக்கும் ஸ்டிக்குக்கு வைஃபை அலை சரியாக எட்டாது, ஓரத்துக்கு இழுத்து விட்டதும் படம் சுற்றிச் சுற்றி நிற்பது குறைந்த வீடுகள் உண்டு. சுவரோடு ஒட்டிய தொலைக்காட்சியில் நேர் பின்பக்கப் போர்ட்டை விடப் பக்கவாட்டுப் போர்ட்டையே தெரிவு செய்யுங்கள். எல் வடிவ வளைவு வாங்குவதாயின், அது மேல்நோக்கி வளையுமா கீழ்நோக்கி வளையுமா என்று உங்கள் படத்தோடு ஒப்பிட்டுப் பார்த்து வாங்குங்கள், இரண்டு வகையும் விற்பனையில் உள்ளன.

எச்.டி.எம்.ஐ. இல்லாத பழைய பெட்டிகளுக்கு

பெரிய கண்ணாடிக் குழாய்த் தொலைக்காட்சி இன்னும் நல்ல நிலையில் இருக்கும் வீடுகள் இங்கே உண்டு, அதை வீசிவிடச் சொல்ல எனக்கு மனம் வருவதில்லை. எச்.டி.எம்.ஐ.யிலிருந்து ஏ.வி.க்கு மாற்றும் சிறு பெட்டி ஒன்று இதற்கு வேண்டும். ஏ.வி.யிலிருந்து எச்.டி.எம்.ஐ.க்கு மாற்றும் எதிர்த்திசைப் பெட்டியும் அச்சொட்டாக இதே உருவத்தில் இருக்கும், ஆகவே உள்ளே போகும் பக்கம் எச்.டி.எம்.ஐ. என்று எழுதியிருப்பதை உறுதி செய்துகொள்ளுங்கள். அந்தப் பெட்டியின் பக்கத்தில் பால் (PAL), என்.டி.எஸ்.சி. என்ற இரு ஒளிபரப்பு முறைகளில் ஒன்றைத் தெரிவு செய்யும் ஒரு சிறு தள்ளுபொத்தான் இருக்கும். படம் கறுப்பு வெள்ளையாக வந்தாலோ மேல் கீழாக உருண்டாலோ அதை மறுபக்கம் தள்ளுங்கள். இலங்கையில் ஒளிபரப்பு பால் முறையில் நடப்பதால் நம் பழைய பெட்டிகளுக்கு அதுவே பொருந்தும். ஸ்டிக்குக்கு ஓர் அடாப்டர், மாற்றிக்கு இன்னோர் அடாப்டர் என்று இரண்டு தேவைப்படும். எழுத்துகள் மங்கலாகவே தெரியும், சில கட்டணச் செயலிகள் முன்சொன்ன பூட்டின் காரணமாக ஓட மறுக்கவும் கூடும்.

ஆன்ட்ரொய்ட் பெட்டிகள் சிலவற்றில் ஏ.வி. வெளியீடு சிறிய ஹெட்போன் துளை வடிவில் இருக்கும். அதற்கு வாங்கும் வயர்களில் உள்ளிணைப்பு ஒழுங்கு ஒன்றுக்கொன்று மாறுபடும். மஞ்சளில் படம் வராமல் இரைச்சல் மட்டும் கேட்டால், வயரின் சிவப்பு முனையையும் பின்னர் வெள்ளை முனையையும் தொலைக்காட்சியின் மஞ்சளில் மாறி மாறிக் குத்திப் பாருங்கள். மஞ்சள் துளையே இல்லாத தொலைக்காட்சியில், பச்சைத் துளையின் வளையம் பாதி மஞ்சளாக இருக்கிறதா என்று கவனியுங்கள். இருந்தால் மஞ்சள் முனையை அங்கே செருகி, உள்ளீட்டை ஏ.வி. என்று வைத்தால் படம் வரும்.

இறுதிப் படி: சோதித்துவிட்டுப் பெயர் வையுங்கள்

ரிமோட்டில் சோர்ஸ் அல்லது இன்புட் என்ற பொத்தானை அழுத்தி, ஸ்டிக் இருக்கும் இலக்கத்தைத் தெரிவு செய்யுங்கள். படம் வந்தபின், தகவல் பொத்தானை அழுத்தினால் பல தொலைக்காட்சிகள் வரும் படத்தின் அளவைக் காட்டும். 4கே எதிர்பார்ப்பவர்களுக்கு அங்கே 3840க்கு 2160 என்றிருக்க வேண்டும். படத்தில் மணல் தூவியது போல வெள்ளைப் புள்ளிகள் மினுங்கினால் வயரையோ நீட்டிப்பையோ மாற்றுங்கள், அது வேகம் தாங்காத வயரின் குணம். படம் நன்றாக இருந்து ஒலி மட்டும் வராவிட்டால், ஸ்டிக்கின் ஒலி அமைப்பை பி.சி.எம். என்ற சாதாரண ஒலி வடிவத்துக்கு மாற்றிப் பாருங்கள். தொலைக்காட்சி புரிந்துகொள்ளாத டொல்பி வடிவத்தில் ஒலி போய்க்கொண்டிருந்திருக்கலாம்.

எல்லாம் சரியென்றால், உள்ளீட்டுப் பட்டியலில் அந்தப் போர்ட்டின் பெயரை ஸ்டிக் என்று மாற்றிவிடுங்கள், பெரும்பாலான தொலைக்காட்சிகள் இதற்கு இடம் தருகின்றன. ஆரையம்பதி வீட்டில் ரிமோட்டின் பின்புறத்தில் ஒரு வெள்ளைத் தாள் துண்டில் “கோயில் பார்க்க 2, டிஷ் பார்க்க 1” என்று எழுதி ஒட்டிவிட்டு வந்தேன். அதற்குக் கீழே இன்னொரு வரியும் எழுதினேன்: மார்ச், ஏப்ரல் மாதங்களிலும் ஒக்டோபர், நவம்பர் மாதங்களிலும் பின்னேரத்தில் இடி முழங்கத் தொடங்கும் முன்னரே தொலைக்காட்சிப் பிளக், ஸ்டிக் அடாப்டர், கூரையிலிருந்து வரும் டிஷ் வயர் மூன்றையும் கழற்றி வைக்கவும்.